தகடூர் முதல் தில்லி வரை – 14: இரண்டாம் முறை யாரும் போகவில்லை

சேலத்திலிருந்து பிரிந்து 1965 அக்டோபர் 2 அன்று தருமபுரி தனி மாவட்டமானதைச் சென்ற இதழில் பார்த்தோம். மாவட்டம் பிறந்த கையோடு மக்களவைத் தொகுதி வந்துவிடவில்லை. 1952-இல் நடந்த முதல் பொதுத்தேர்தலில் தருமபுரி என்ற பெயரில் ஒரு தொகுதி இருந்தது, என். சத்தியநாதன் சுயேச்சையாக நின்று வென்றார். பிறகு அந்தப் பெயர் பட்டியலிலிருந்து போய்விட்டது. பக்கத்துக் கிருஷ்ணகிரியில் ராஜாஜியின் மகன் சி.ஆர். நரசிம்மன் 1952, 1957 இரண்டு தேர்தலிலும் காங்கிரஸ் சார்பில் வென்றதும், 1962-இல் தி.மு.க.வின் க. இராசாராம் அதைப் பறித்ததும்தான் அந்தக் காலத்தில் இந்த வட்டாரத்திலிருந்து தில்லிக்குப் போன செய்திகள். தருமபுரி மறுபடி தொகுதியானது 1977-இல்.

அன்றிலிருந்து 2024 வரை பதின்மூன்று தேர்தல்கள். வென்றவர்களை வரிசையாகச் சொல்லிவிடுகிறேன். இந்த அத்தியாயம் முழுக்க அந்த வரிசையைச் சுற்றித்தான். 1977-இல் வாழப்பாடி கூ. இராமமூர்த்தி, காங்கிரஸ். 1980-இல் கே. அர்ஜுனன், தி.மு.க. 1984-இல் மு. தம்பிதுரை, 1989-இல் எம்.ஜி. சேகர், இருவரும் அ.தி.மு.க. 1991-இல் கே.வீ. தங்கபாலு, காங்கிரஸ். 1996-இல் பி. தீர்த்தராமன், மூப்பனாரின் த.மா.கா. 1998-இல் பாரிமோகன், 1999-இல் பு.தா. இளங்கோவன், 2004-இல் மருத்துவர் ஆர். செந்தில், மூவரும் பா.ம.க. 2009-இல் ஆர். தாமரைச்செல்வன், தி.மு.க. 2014-இல் அன்புமணி ராமதாஸ், பா.ம.க. 2019-இல் மருத்துவர் செந்தில்குமார், 2024-இல் வழக்கறிஞர் ஆ. மணி, இருவரும் தி.மு.க.

பதின்மூன்று தேர்தல், பதின்மூன்று ஆட்கள். ஒருவர்கூட இங்கிருந்து இரண்டாம் முறை மக்களவைக்குப் போகவில்லை. பா.ம.க. தொடர்ந்து மூன்று முறை வென்றபோதும் ஒவ்வொரு முறையும் ஆள் வேறு. தி.மு.க. 2019-இல் வென்ற தொகுதியை 2024-இல் தக்கவைத்தது. ஆனால் பழைய எம்.பி.க்குச் சீட்டு கொடுக்கவில்லை. ஆகவே, 'தருமபுரிக்காரன் எம்.பி.யை மாற்றிக்கொண்டே இருப்பான்' என்று பேசுவது பாதி உண்மைதான். பல சமயம் வாக்காளருக்கு முன்பே கட்சித் தலைமை மாற்றிவிடுகிறது. 2009-இல் செந்திலும், 2019-இல் அன்புமணியும் பதவியில் இருந்தபடியே நின்று தோற்றார்கள்; அங்கே மாற்றியது வாக்காளர்.

இதற்கு ஒரு விலை உண்டு. நாடாளுமன்றத்தில் நிலைக்குழுத் தலைமை, விவாதத்தில் முன்னுரிமை, அமைச்சகத்துக் கதவைத் தட்டினால் திறக்கும் வேகம் எல்லாம் பழம் தின்று கொட்டை போட்டவர்களுக்கே முதலில் கிடைக்கும். தருமபுரி அப்படிப்பட்டவர்களை உருவாக்கியிருக்கிறது, வைத்துக்கொள்ளத்தான் இல்லை. வாழப்பாடியார் 1980-இல் கிருஷ்ணகிரிக்கு மாறி அங்கே தொடர்ந்து நான்கு முறை வென்றார். தம்பிதுரை கதை இன்னும் சுவாரசியம். 1984 டிசம்பர் தேர்தலில் காங்கிரஸ் நானூறு இடங்களைத் தாண்டியது. அ.தி.மு.க.வுக்கு 12. கூட்டணிக்கட்சி என்ற மரியாதையில் அந்தப் பன்னிரண்டு பேரில் ஒருவருக்குத் துணைச் சபாநாயகர் நாற்காலி கிடைத்தது. 1985 ஜனவரியில் அதில் உட்கார்ந்த தருமபுரி எம்.பி.க்கு அப்போது 38 வயதுகூட நிரம்பவில்லை. அவரே 2014-இல் மறுபடி துணைச் சபாநாயகர் ஆனார், ஆனால் கரூர் எம்.பி.யாக.

பட்டியலை இன்னொரு விதமாகவும் படிக்கலாம். ஒவ்வொருவரும் வென்று வந்த நாளில் மக்களவையில் எந்தப் பக்கம் உட்கார்ந்தார்கள்?

1977-இல் நாடு இந்திரா காந்தியைத் தூக்கியெறிந்தது, தமிழ்நாட்டில் அ.தி.மு.க., காங்கிரஸ், இந்தியக் கம்யூனிஸ்ட் கூட்டணி 34 இடங்களை அள்ளியது. தருமபுரி எம்.பி. ஜனதா அரசுக்கு எதிரே உட்கார்ந்தார். 1980-இல் இந்திராவும் கருணாநிதியும் கைகோத்தார்கள். தருமபுரி ஆளும் பக்கம். 1984-இலும் ஆளும் பக்கம். 1989-இல் வி.பி. சிங் வந்தபோது எதிர்ப்பக்கம். அதன் பிறகு 1991-இல் நரசிம்ம ராவ், 1996-இல் த.மா.கா. பங்கேற்ற ஐக்கிய முன்னணி, 1998, 1999-இல் வாஜ்பாய், 2004, 2009-இல் மன்மோகன் சிங், 2014-இல் மோடி. ஏழு தேர்தல். ஏழிலும் தருமபுரி தேர்ந்தெடுத்தவர் ஆளும் அணியைச் சேர்ந்தவர். தில்லியில் காங்கிரஸ், மூன்றாவது அணி, பா.ஜ.க. என்று எது வந்தாலும் தருமபுரி எம்.பி. ஆட்சியின் ஓரத்தில் இருந்தார். நடுவில் பா.ம.க. 2001-இல் சில மாதங்கள் தேசிய ஜனநாயகக் கூட்டணியை விட்டு வெளியே போய்த் திரும்பியது, 2009 தேர்தலுக்குச் சற்றுமுன் மன்மோகன் அரசை விட்டு விலகியது, தி.மு.க. 2013-இல் அதையே செய்தது. இதையெல்லாம் கழித்தாலும் 1991 முதல் 2019 வரையான 28 ஆண்டுகளில் பெரும்பகுதி ஆளும் வரிசைதான். தமிழ்நாட்டின் பழம்பெரும் தொகுதிகளுக்குக்கூட இந்த யோகம் எளிதில் வாய்க்காது.

யோகத்தால் என்ன வந்தது என்று கேட்டால் மொரப்பூர் பக்கம் பார்க்க வேண்டும். மொரப்பூரிலிருந்து தருமபுரிக்கு வெள்ளைக்காரன் காலத்தில் குறுகிய ரயில்பாதை இருந்தது. இரண்டாம் உலகப்போர்க் காலத்தில் அதை மூடித் தண்டவாளத்தைப் பெயர்த்துக்கொண்டு போனார்கள். சென்னைக்கு ரயிலேற மாவட்டத் தலைநகரத்துக்காரர்கள் இன்றும் மொரப்பூருக்கு பஸ் பிடிக்கிறார்கள். வெறும் 36 கிலோமீட்டர். அதைத் திரும்பப் போடுவதாக வாக்குறுதி தராத வேட்பாளர் இந்தத் தொகுதியில் இருந்திருக்க முடியாது. ஒப்புதல் வந்தது 2016-17 ரயில்வே பட்ஜெட்டில். அடிக்கல் நட்டது 2019-இல், தேர்தல் அறிவிப்புக்குச் சில நாட்கள் முன்பு. ஆளும் வரிசையில் உட்காருவது வேறு, அங்கே உட்கார்ந்து ஒரு கோப்பை நகர்த்துவது வேறு. ஐந்து பேர் கொண்ட கட்சியின் எம்.பி. அரசை ஆதரிக்கலாம், ரயில்வே அமைச்சரைத் தினம் தொந்தரவு செய்யும் அளவுக்கு அரசு அவரை நம்பியிருக்க வேண்டுமே. 1999 ஏப்ரலில் 269-க்கு 270 என்று ஒரே ஓட்டில் வாஜ்பாய் அரசு கவிழ்ந்ததே, அப்படி ஒரு எண்ணிக்கை அமைந்தால்தான் ஒற்றை எம்.பி.க்கு விலை. அப்போது பா.ம.க.வின் நால்வரும் வாஜ்பாய் பக்கம் நின்றார்கள். அந்த மதிப்பை வைத்து எதையும் வாங்கிக்கொள்ளும் முன் அவையே கலைந்துவிட்டது.

பா.ம.க. என்றதும் 1998-க்கு நேராகத் தாவிவிடக் கூடாது. அதன் வேர் முதல் மக்களவையிலேயே இருக்கிறது. 1952-இல் சென்னை மாநிலத்திலிருந்து தில்லிக்குப் போன 75 பேரில், எஸ்.எஸ். ராமசாமி படையாட்சியின் தமிழ்நாடு உழைப்பாளர் கட்சியினர் 4 பேர், எம்.ஏ. மாணிக்கவேலு நாயக்கரின் காமன்வீல் கட்சியினர் 3 பேர். இரண்டுமே வட தமிழ்நாட்டு வன்னியர்களை அடித்தளமாகக் கொண்டவை. காங்கிரஸ் அவற்றை எதிர்த்து ஒழிக்கவில்லை, உள்ளே இழுத்துக்கொண்டது: மாணிக்கவேலு ராஜாஜி அமைச்சரவையில், படையாட்சி காமராஜர் அமைச்சரவையில். கட்சிகள் கரைந்தன. அடுத்த கால் நூற்றாண்டு அந்த ஓட்டைத் திராவிடக் கட்சிகளும் காங்கிரஸும் பங்குபோட்டன. 1980-இல் மருத்துவர் ராமதாஸ் வன்னியர் சங்கத்தைத் தொடங்கினார். 1987 செப்டம்பர் சாலை மறியலில் 21 உயிர்கள் போயின. 1989-இல் மிகப் பிற்படுத்தப்பட்டோருக்கு 20 சதவீதத் தனி ஒதுக்கீடு வந்தது. அதே ஆண்டு ஜூலையில் பா.ம.க. பிறந்தது.

அந்தக் கட்சி மக்களவைக்குள் கால்வைக்க ஒன்பது ஆண்டு பிடித்தது. 1989, 1991, 1996 தேர்தல்களில் வாக்கு இருந்தது, இடம் இல்லை. ஒரே சமூகம் நெருக்கமாக வாழும் தொகுதியிலும் தனித்து நின்றால் முதலிடம் வராது என்பதுதான் நம் தேர்தல் முறையின் கண்டிப்பு. 1998-இல் ஜெயலலிதாவின் கூட்டணிக்குள் போனார்கள். தருமபுரி, வேலூர், வந்தவாசி, சிதம்பரம் நான்கும் கிடைத்தன. அதற்குப் பின் 2009-இல் அணி மாறிப் போட்டியிட்ட ஏழிலும் தோற்றார்கள். தருமபுரியில் தி.மு.க.வின் வெற்றி வித்தியாசம் 1,35,942. சொந்தக் கோட்டை என்று சொல்லப்படும் ஊரில் அப்படித் தோற்ற கட்சி, ஐந்தாண்டு கழித்து அதே ஊரில் 77,146 வாக்கு வித்தியாசத்தில் வென்றது. அந்த 2014 தேர்தலில் தமிழ்நாட்டின் 39-இல் 37 அ.தி.மு.க.வுக்குப் போனது. மிச்சம் இரண்டு: கன்னியாகுமரியில் பொன். ராதாகிருஷ்ணன், தருமபுரியில் அன்புமணி.

அந்த 2014-ஐப் பேசும்போது 2012 நவம்பர் 7-ஐ விட்டுவிட்டுப் போக முடியாது. நாய்க்கன்கொட்டாய் பக்கத்து நத்தம், அண்ணாநகர், கொண்டம்பட்டி குடியிருப்புகளில் இருநூறுக்கும் மேற்பட்ட தலித் வீடுகள் எரிக்கப்பட்டன. ஒரு சாதி மறுப்புத் திருமணத்தில் தொடங்கிய பகை அது. அடுத்த தேர்தலில் வாக்குகள் சாதியின் கோட்டில் இறுகின என்பது என் கணிப்பு; எண்களை மட்டும் வைத்து இதை நிரூபிக்க முடியாது, ஆனால் அந்தக் காலத்தில் தருமபுரித் தெருக்களில் நடந்தவர்கள் மறுக்கமாட்டார்கள்.

இனி கணக்குப் பாடம். 2019-இல் அ.தி.மு.க., பா.ம.க., பா.ஜ.க., தே.மு.தி.க. எல்லாம் ஒரே அணி. அன்புமணி பெற்றது 5,04,235. தி.மு.க.வின் செந்தில்குமார் 5,74,988. அ.ம.மு.க. வேட்பாளர் பிரித்த ஐம்பதாயிரத்துச் சொச்சத்தைச் சேர்த்தாலும் அன்புமணிக்கு எட்டாது. 2021 சட்டமன்றத் தேர்தலில் தே.மு.தி.க. நீங்கலாக அதே அணி, அதே தொகுதிக்குள் அடங்கிய பாலக்கோடு, பென்னாகரம், தருமபுரி, பாப்பிரெட்டிப்பட்டி, அரூர், சேலம் மாவட்டத்து மேட்டூர் ஆறையும் வென்றது. ஆறில் ஒன்றுகூட தி.மு.க.வுக்கு இல்லை. 2024-இல் அந்த அணி உடைந்தது, பா.ம.க. பா.ஜ.க.வோடு, அ.தி.மு.க. தனி அணியாக. தி.மு.க.வின் மணி 4,32,667. பா.ம.க.வின் சௌமியா அன்புமணி 4,11,367. அ.தி.மு.க.வின் அசோகன் 2,93,629. பின்னால் வந்த இருவரையும் கூட்டினால் ஏழு லட்சத்தைத் தாண்டும். வென்றவர் முந்தைய தேர்தலைவிட ஒன்றே கால் லட்சத்துக்கு மேல் குறைவாக வாங்கியும் தில்லிக்குப் போனார்.

தேநீர்க்கடைகளில் இதை வைத்து 'சேர்ந்திருந்தால் ஜெயித்திருப்பார்கள்' என்று சுலபமாகக் கூட்டிவிடுகிறார்கள். 2019-இல் சேர்ந்துதானே இருந்தார்கள்? அ.தி.மு.க. வாக்காளர் எல்லோரும் மாம்பழத்தில் குத்துவார்கள் என்பதும், பா.ம.க. வாக்காளர் எல்லோரும் இரட்டை இலையில் குத்துவார்கள் என்பதும் தலைமைகள் மேடையில் போடும் கணக்கு. 2021-இல் பலித்தது, 2019-இல் பலிக்கவில்லை. 2010 மார்ச்சில் பென்னாகரம் இடைத்தேர்தலில் தி.மு.க. வென்று, பா.ம.க. இரண்டாவதாக வந்து, அ.தி.மு.க. வைப்புத்தொகையை இழந்ததையும் இங்கே நினைத்துக்கொள்ளலாம். இந்த மண்ணில் மும்முனைப் போட்டி வந்தால் யார் எந்த இடத்தில் விழுவார்கள் என்று யாராலும் சொல்ல முடியாது.

அந்த 2024 முடிவை மாநிலம் முழுக்க விரித்துப் பார்த்தால் 39-உம் ஒரே அணி: தி.மு.க. 22, காங்கிரஸ் 9, விடுதலைச் சிறுத்தைகள் 2, இரண்டு கம்யூனிஸ்ட் கட்சிகளுக்கும் இரண்டிரண்டு, ம.தி.மு.க. 1, முஸ்லிம் லீக் 1. தில்லியில் பா.ஜ.க. 240, காங்கிரஸ் 99. ஏறக்குறைய முப்பது ஆண்டுகள் ஆளும் வரிசைக்குப் பழகிய தருமபுரி, 2019-லிருந்து எதிர்வரிசைக்குப் பழகிக்கொண்டிருக்கிறது.

கட்சி போதும். இந்தப் பதின்மூன்று பேரும் யார் என்று பார்ப்போம்.

2004, 2014, 2019-இல் வென்ற மூவரும் மருத்துவர்கள். அரசு மருத்துவக் கல்லூரியே 2008-இல்தான் வந்த ஊரில் இது ஒரு வேடிக்கை. முதல் மக்களவையில் ஏறக்குறைய மூன்றில் ஒருவர் வழக்கறிஞர். இப்போது தில்லி அவையில் அவர்கள் பங்கு அதைவிட மிகக் குறைவு. தருமபுரி 2024-இல் வழக்கறிஞருக்குத் திரும்பியிருக்கிறது.

மாவட்டத்தின் 2011 கணக்குப்படி மக்கள்தொகை 15,06,843. பட்டியல் சாதியினர் 16 சதவீதத்துக்குச் சற்று மேல், பழங்குடியினர் 4 சதவீதத்துக்குச் சற்று மேல். எழுத்தறிவு 68.54 சதவீதம், அன்றைய தமிழ்நாட்டிலேயே கடைசி. அதே ஊர் 2019-இலும் 2024-இலும் வாக்குப்பதிவில் மாநிலத்திலேயே முதலிடம், 80 சதவீதத்துக்கு மேல். படித்தவன்தான் ஓட்டுப் போடுவான் என்று சென்னையிலிருந்து உபதேசம் செய்பவர்கள் இந்த இரண்டு எண்களையும் பக்கத்தில் வைத்துப் பார்க்கட்டும். பெங்களூருக்குக் கட்டட வேலைக்குப் போனவர்கள் ஓட்டுக்காக பஸ் ஏறி வரும் ஊர் இது.

சுமார் 63 ஆயிரம் பழங்குடியினர் என்பது 2024-இன் வெற்றி வித்தியாசமான 21,300-ஐப்போல மூன்று மடங்கு. அதில் குழந்தைகளும் அடக்கம் என்பதை மறக்கவில்லை. சித்தேரி, வத்தல்மலை மலையாளிப் பழங்குடியினரில் ஒருவர்கூட எம்.பி. ஆனதில்லை. மக்களவையில் பழங்குடியினருக்கு 47 தனித்தொகுதிகள் உண்டு. தமிழ்நாட்டில் ஒன்றுகூட இல்லை, பழங்குடியினர் இங்கே சிதறி வாழ்வதால் எந்தத் தொகுதியிலும் விகிதம் தேறாது. சட்டமன்றத்தில் ஏற்காடும் சேந்தமங்கலமும் மட்டும். பட்டியல் சாதியினருக்கு அரூர் சட்டமன்றத் தொகுதி தனித்தொகுதி. மக்களவைக்குத் தருமபுரி பொது. பொதுத்தொகுதியில் தலித் வேட்பாளரை நிறுத்தும் துணிச்சல் நம் பெரிய கட்சிகளுக்கு அபூர்வமாகவே வந்திருக்கிறது.

இடமில்லாமல் போவதற்கு என்ன பொருள் என்பதை வாச்சாத்தி சொல்லும். 1992 ஜூன் 20 அன்று அரூர் அருகே அந்த மலையாளிப் பழங்குடிக் கிராமத்துக்குள் சந்தன மரம் தேடி வனத்துறை, காவல்துறை, வருவாய்த்துறை ஆட்கள் நுழைந்தார்கள். வீடுகளைச் சூறையாடினார்கள், 18 பெண்கள் பாலியல் வன்முறைக்கு ஆளானார்கள். அப்போது மாநிலத்தில் அ.தி.மு.க., தொகுதி எம்.பி. காங்கிரஸ், இரண்டும் ஒரே கூட்டணியில் வென்றவை. நீதிமன்றத்துக்கு விஷயத்தைக் கொண்டுபோனது, இந்தத் தொகுதியை ஒருபோதும் வென்றிராத மார்க்சிஸ்ட் கட்சியும் மலைவாழ் மக்கள் சங்கமும். கட்சியின் அன்றைய மாநிலச் செயலாளர் ஏ. நல்லசிவன் வழக்குத் தொடுத்தார். குற்றம் சாட்டப்பட்ட 269 பேரும் குற்றவாளிகள் என்று தருமபுரி நீதிமன்றம் சொன்னது 2011 செப்டம்பரில். அதற்குள் 54 பேர் இறந்துபோயிருந்தார்கள். உயர்நீதிமன்றம் அதை உறுதிசெய்தது 2023-இல். அந்த முப்பத்தோரு ஆண்டில் எட்டுப் பேர் இங்கிருந்து தில்லிக்குப் போய்வந்திருந்தார்கள்.

பதின்மூன்று பேரும் ஆண்கள் என்பதைக் கடைசியாகச் சொல்கிறேன். இது பெண் சிசுக்கொலைக்காக நாடு முழுக்கப் பேசப்பட்ட மாவட்டம். சேலத்தில் 1992-இல் தொடங்கிய தொட்டில் குழந்தைத் திட்டத்தைப் பிற்பாடு இங்கும் கொண்டுவந்தார்கள். ஆறு வயதுக்கு உட்பட்டோரில் ஆயிரம் ஆண் குழந்தைக்கு 826 பெண் குழந்தை என்று 2001-இல் இருந்தது, 2011-இல் 913 ஆக உயர்ந்தது. 2001-இல் தொட்டிலில் தப்பிய பெண் இன்று வாக்காளர். அவளுக்கு முன்னால் வெல்லும் வாய்ப்புள்ள பெண் வேட்பாளர் வந்தது 2024-இல்தான். அவரும் ஏற்கெனவே எம்.பி.யாக இருந்தவரின் மனைவி. பாதித் தொகுதிகளைப் பெண்களுக்குக் கொடுக்கும் நாம் தமிழர் கட்சியும் இங்கே ஒரு பெண்ணையே நிறுத்தியிருந்தது.

மாநிலத்தின் 39-இல் இப்போது பெண்கள் ஐந்து பேர்: கனிமொழி, தமிழச்சி தங்கபாண்டியன், ஜோதிமணி, ராணி ஸ்ரீகுமார், சுதா. நாட்டின் 543-இல் 2024-இல் வென்ற பெண்கள் 74, முந்தைய தேர்தலைவிட நான்கு குறைவு. ருவாண்டா நாடாளுமன்றத்தில் பெண்கள் 60 சதவீதத்துக்கு மேல். அங்கே அரசியல் சட்டமே இடத்தை ஒதுக்கிவைக்கிறது. இங்கேயும் மூன்றில் ஒரு பங்கு ஒதுக்கும் 106-ஆவது திருத்தம் 2023 செப்டம்பரில் நிறைவேறியது. ஆனால் அதற்குப் பிறகு எடுக்கப்படும் முதல் மக்கள்தொகைக் கணக்கு வெளியாகி, தொகுதி மறுவரையறை முடிந்த பின்பே நடைமுறை என்று சட்டத்துக்குள்ளேயே பூட்டு போட்டுவிட்டார்கள். மறுவரையறை என்றால் தமிழ்நாட்டுக்கு வேறொரு பயம் இருக்கிறது. 1962-இல் நமக்கு 41 எம்.பி.க்கள், 1967-இல் 39. அந்த இரண்டு இடங்கள் எப்படிப் போயின, 1971 கணக்கில் எண்ணிக்கையை ஏன் உறையவைத்தார்கள் என்பது அடுத்த இதழில்.

(தொடரும்)